ஏலப் பத்திரத்தில் ஒட்டிய கடுகு

"மாயவா, மூச்சு விடாதே. வெடிமருந்து!"

கோர்ட்டு ரிக்கார்டு அறையில் துப்பறியும் சவுரியப்பன் இப்படிக் கூவியதும், மேஜைக்கு அந்தப் பக்கம் தூங்கிக்கொண்டிருந்த குமாஸ்தா வாசல் வரைக்கும் ஓடினார். அங்கே போன பிறகு, அரை நாள் சம்பளம் பிடிப்பார்கள் என்ற ஞாபகம் வரவே திரும்பி வந்து உட்கார்ந்தார்.

சவுரியப்பன் பூதக்கண்ணாடியைக் காகிதத்தின் மேல் பிடித்திருந்தார். இரண்டு தாள்களை ஒன்றாக ஒட்டியிருந்த மூலையில் சின்னஞ்சிறிய கறுப்பு உருண்டை ஒன்று தெரிந்தது. உதவியாளன் மாயவன் குனிந்து பார்த்தான். மோந்தும் பார்த்தான்.

"கடுகுங்க சார்."

"கடுகா?"

"தாளிச்ச கடுகு. பக்கத்துல மஞ்சளா நசுங்கியிருக்குது பாருங்க, அது சோத்துப் பருக்கை. எலுமிச்சம்பழச் சோறு. கோர்ட்டு அமீனாவுக்குப் பசை கெடைக்கல. இலையிலிருந்து ரெண்டு பருக்கை எடுத்து ஒட்டிட்டாரு. வெடிக்காதுங்க. வயித்துக்குள்ள போனாத்தான் கொஞ்சம் சத்தம் வரும்."

"அதைத்தான் நானும் சொல்ல வந்தேன்" என்றார் சவுரியப்பன்.

1936ஆம் வருஷத்து மாசி மாத வெயிலில், தர்மபுரித் தாலுகா முழுவதிலும் கம்பளிக் கோட்டுப் போட்டிருந்த ஒரே ஆசாமி சவுரியப்பன்தான். கல்கத்தாவிலிருந்து தபால் மூலம் துப்பறியும் சாஸ்திரம் படித்தவர். மொத்தம் பன்னிரண்டு பாடங்கள். பதினொன்றுக்குப் பணம் கட்டினார். பன்னிரண்டாவது பாடத்தின் தலைப்பு 'குற்றவாளியைக் கண்டுபிடிப்பது எப்படி' என்பது. அதற்குக் கட்டணம் அதிகம் என்பதால் அதை மட்டும் சொந்த மூளையில் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டுவிட்டார். மாயவன் நாடகக் கம்பெனியில் பபூனாக இருந்தவன். கம்பெனி கலைந்ததும் இவரிடம் சேர்ந்தான். வேலை மாறவில்லை என்று அவனே சொல்லிக்கொள்வான்.

அவர்கள் கையில் இருந்தது ஓர் ஏல அறிக்கை. இண்டூர் ராமக்காள், வெங்கடாசலம் என்பவர் நடத்தும் பாங்கியில் நூற்றிருபது ரூபாய் கடன் வாங்கினாள். அது வட்டியும் கோர்ட்டுச் செலவும் சேர்ந்து இருநூற்றுப் பத்து ஆயிற்று. பாங்கி வழக்குப் போட்டு டிக்ரி வாங்கி, அவளுடைய இரண்டரை ஏக்கர் கொல்லையையும் கிணற்றையும் கோர்ட்டு மூலம் ஏலத்துக்குக் கொண்டுவந்தது. எண்ணூறு ரூபாய் பெறுகிற சொத்து. ஏலம் கேட்க வந்தவர் ஒரே ஒருவர். சரியாக இருநூற்றுப் பத்துக்கே போய்விட்டது. முப்பது நாளுக்குள் யாரும் ஆட்சேபிக்காவிட்டால் ஏலம் உறுதியாகிவிடும். அந்த முப்பதாவது நாள் மறுநாள். காலை பதினொரு மணிக்கு முன்சீப் கையெழுத்துப் போட்டுவிட்டால், ராமக்காளுக்குக் கொல்லை இல்லை.

ஏலத்துக்கு முன்னால், கோர்ட்டு உத்தரவுகளை நிறைவேற்றுகிற சேவகரான அமீனா அந்தச் சொத்துக்கே போய், தமுக்கு அடித்து, ஊருக்குத் தெரிவிக்கவேண்டும் என்பது சட்டம். போனதாகத்தான் அறிக்கை சொல்லிற்று. சவுரியப்பன் அதை ராகம் போட்டு வாசித்தார்:

"'மேற்படி சொத்தில் நேரில் நின்று, தமுக்கு அடித்து, ஜனங்கள் திரளாகக் கூடியிருக்க ஏல விளம்பரம் செய்து, ஒரு பிரதியை எல்லோரும் பார்க்கும்படி ஒட்டினேன். நின்ற இடத்திலிருந்து நாலு திக்கும் பார்த்து எழுதிய எல்லை: கிழக்கே வண்டிப்பாதை, மேற்கே அல்லிக் குட்டை, வடக்கே கோயில் புளியந்தோப்பு, தெற்கே சாவடி. சர்வே நம்பர்: விசாரித்துப் பின்னால் எழுதப்படும்.'"

அந்தப் 'பின்னால்' இதுவரை வந்து சேரவில்லை. சர்வே நம்பர் இருக்கவேண்டிய இடம் வெள்ளையாக இருந்தது. கோர்ட்டைப் பொறுத்தவரை ராமக்காளின் சொத்து என்பது இந்த நாலு எல்லைதான்.

வெளியே வேப்பமரத்தடியில் ராமக்காள் காத்துக்கொண்டிருந்தாள். நாற்பது வயதுக்காரி. காலையிலிருந்து நின்றபடியே இருந்தாள். உட்கார்ந்தால் கேஸ் தோற்றுவிடும் என்று யாரோ சொல்லியிருந்தார்கள்.

"எங்க ஊர்ல தமுக்குச் சத்தம் கேட்டா கோழிகூட எட்டிப் பாக்குமுங்க சாமி. அன்னிக்கு நான் கொல்லையிலயேதான் கடலைக்காய்க்குத் தண்ணி கட்டிக்கிட்டிருந்தேன். ஒரு ஈ காக்கா வரலிங்க."

"ஏலம் எடுத்த தீர்த்தம்மாள் யார்?" என்றார் சவுரியப்பன், கண்ணைச் சுருக்கிக்கொண்டு.

"டைரக்டரு வெங்கடாசலத்தோட மாமியாருங்க."

"ஆகா! சொந்தக்காரி!"

"ஊருக்கே தெரியுமுங்களே சாமி."

"ஊருக்குத் தெரிவது வேறு, துப்பறிந்து தெரிவது வேறு" என்றார் சவுரியப்பன். மாயவன் குறுக்கே வந்தான்.

"ஏன்க்கா, உங்க பக்கம் எலுமிச்சம்பழச் சோறு யாரு வூட்ல கிளறுவாங்க?"

ராமக்காளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "எங்களுக்குக் களியும் கூழுந்தாங்க. நெல்லுச் சோறே நோம்பிக்குத்தான். சும்மா நாள்ல தாளிச்ச சோறு தின்னுற வூடு ஒண்ணுதான். டைரக்டரு பங்களா."

"வண்டி பிடி, மாயவா!" என்றார் சவுரியப்பன்.

"துட்டு?"

"கட்சிக்காரி கொடுப்பாள்."

"கட்சிக்காரி ஒரு கூடை கடலைக்காய் தர்றதாத்தான் பேச்சு. குதிரைக்கு வேணும்னா அது ஆகும். வண்டிக்காரனுக்கு?"

கடைசியில் வண்டிக்காரனும் கடலைக்காய்க்கே சம்மதித்தான். ராமக்காள் வண்டியின் பின்படியில் நின்றபடியே வந்தாள்.

*

இண்டூருக்கு வெளியே, தெற்கு வடக்காக ஓடுகிற வண்டிப்பாதையை ஒட்டி ராமக்காளின் கொல்லை. சவுரியப்பன் நடுவில் போய் நின்று, பாடங்களோடு தபாலில் வந்த திசைகாட்டியை உள்ளங்கையில் வைத்தார். ஒரு கடலைச் செடியையும் மிதிக்காமல் நிற்கவேண்டும் என்பது ராமக்காளின் உத்தரவு. ஆகவே தமிழ்நாட்டின் ஒரே தபால் படிப்புத் துப்பறிவாளர் ஒற்றைக் காலில் நின்றார்.

"கிழக்கே என்ன இருக்கிறது?"

"ஓடைங்க" என்றான் மாயவன்.

"வண்டிப்பாதை என்றல்லவா எழுதியிருக்கிறது?"

"பாதை மேக்கால இருக்குதுங்க."

"மேற்கே அல்லிக் குட்டை?"

"அல்லியும் இல்ல, குட்டையும் இல்ல. வடக்கே பச்சியப்பன் கொல்லை. தெக்கே வெறும் பாறை. பாறையச் சாவடின்னு நெனச்சுப் படுத்தா முதுகு வெந்துபோவும்."

"திசைகாட்டி கெட்டுவிட்டதோ?"

"சூரியனும் கூடவே கெட்டிருக்கணுமுங்க. அதுவும் பாதைப் பக்கமாத்தான் எறங்குது."

சவுரியப்பன் காலை மாற்றிக்கொண்டார். "முடிவு தெளிவு. அமீனா இந்தக் கொல்லையில் காலே வைக்கவில்லை."

"அது சரிங்க. நாளைக்குப் பதினோரு மணிக்குக் கோர்ட்டுல அதச் சொல்றதுக்கு யாரு சாட்சி? கடுகா?"

சிக்கல் வந்தால் விறுவிறுவென்று நடப்பது சவுரியப்பனின் முறை; ஏழாவது பாடத்தில் உள்ளது. நடந்தார். வண்டிப்பாதையைத் தாண்டியதும் எதிரே டைரக்டர் பங்களா.

*

வெங்கடாசலம் 'ஸ்ரீ சர்வஜன க்ஷேம நிதி பாங்கி லிமிடெட்'டின் டைரக்டர். சர்வஜனமும் கடன்காரர்கள், க்ஷேமம் அவருக்கு. வெள்ளைக்காரச் சர்க்கார் தருகிற ராவ் சாகிப் பட்டத்துக்கு மூன்று வருஷமாக மனுப் போட்டுக்கொண்டிருந்தார். கேட்டில் மாட்டியிருந்த பெயர்ப்பலகையில், பெயருக்கு முன்னால் பட்டம் எழுத ஒரு முழம் இடம் காலியாக விடப்பட்டிருந்தது. தூரத்திலிருந்து பார்த்தால் பலகையில் பாதியைக் கரையான் தின்றதுபோல் இருக்கும்.

கடன்காரர்கள் முன்வாசலால் வரக்கூடாது என்று ஏற்பாடு. எனவே ராமக்காள் கேட்டுக்கு வெளியே நின்றாள். மற்ற இருவரும் போர்ட்டிகோவுக்குப் போனார்கள்.

டைரக்டர் ஊஞ்சலில் ஆடிக்கொண்டே கேட்டார். "துப்பறிகிறவரா? என்னத்தைத் துப்பறிய வந்தீர்?"

சவுரியப்பன் தொண்டையைக் கனைத்தார். "ஏல அறிக்கையில் கடுகு இருந்தது!"

"என் வீட்டுக் கடுகாகவே இருக்கட்டும். அமீனா இங்கே சாப்பிட்டார். சாப்பிடுவது குற்றம் என்று எந்தச் சட்டத்தில் இருக்கிறது?"

"சொத்துக்குப் போகாமல் சாப்பிட்டார்."

"சாப்பிடுவதற்கு முன்னால் போனார். நானே கூடப் போனேன்."

இந்தச் சமயத்தில் உள்ளேயிருந்து ஒரு தட்டோடு வந்தாள் தீர்த்தம்மாள். எழுபது வயது. காது மட்டும் இருபது. மாப்பிள்ளை வீட்டில் அவளுக்குக் கிடைத்திருந்தது, சமையலறைக்குப் பக்கத்தில் புளிப் பானை வைக்கிற அறை. தட்டில் எலுமிச்சம்பழச் சோறு இருந்தது. மாயவனிடம் நீட்டினாள்.

"தின்னுப்பா. வந்தவங்கள வெறும் வயித்தோட அனுப்பினா எனக்கு ஆவாது."

"அமீனாவுக்கும் நீங்கதான் போட்டீங்களாம்மா?"

"பின்னே? மூணு தடவ வாங்கித் தின்னாரு. இந்த எடத்துலதான் உக்காந்து எழுதினாரு. தமுக்கு அடிச்சாங்க பாரு, காது கிழிஞ்சுபோச்சு. எனக்கு எழுவது முடிஞ்சதுக்கு மரியாதை பண்றாங்களாக்கும்னு நெனச்சுட்டேன். மாப்ளைக்குத் திடீர்னு புத்தி வந்துச்சேன்னு ஒரே சந்தோசம்."

"அத்தை, உள்ளே போங்க" என்றார் டைரக்டர்.

"போறேன், போறேன். அந்தத் தூணுல ஒட்டின காயிதத்த நான்தான் கிழிச்சேன். எறும்பு மொய்ச்சுது."

தீர்த்தம்மாள் உள்ளே போகவில்லை. கதவுக்குப் பின்னால் போனாள். அவள் காதுக்கு அதுவே உள்ளே.

"கேட்டீரா?" என்று துள்ளினார் சவுரியப்பன். "தமுக்கு அடித்தது இங்கே! கொல்லையில் அல்ல!"

"வயசானவங்க பேச்சு. இரண்டு இடத்திலும் அடித்தார்கள்." டைரக்டர் ஊஞ்சலை நிறுத்தவேயில்லை. "நாளைக்குக் கோர்ட்டில் உம்முடைய கடுகு நிற்குமா, என்னுடைய வார்த்தை நிற்குமா? அறிக்கையில் இருக்கிற ஒவ்வொரு எழுத்தும் சத்தியம்."

"அப்படியானால் எழுதிக் கொடுங்களேன் பார்க்கலாம்!"

இதைச் சவுரியப்பன் எந்த யோசனையும் இல்லாமல்தான் சொன்னார். கோபத்தில் வேறு வாக்கியம் வரவில்லை. ஆனால் எழுதிக் கொடுப்பது என்றால் டைரக்டருக்குப் பாயசம். பாங்கிப் பெயர் அச்சடித்த தாளை எடுத்தார். தங்க நிப்புப் பேனாவைத் திறந்தார். சவுரியப்பன் எழுதிக்கொண்டு வந்த அறிக்கையின் நகல் அவர் முன்னால் இருந்தது. எந்தக் காகிதத்திலும் தன் பெயர் வருகிற வரியை மட்டும் படிப்பது அவர் பழக்கம். அறிக்கையில் அவர் பெயர் எங்கும் வரவில்லை. ஆகவே அவர் அதைப் படிக்கவில்லை.

'அமீனா எழுதிய நாலெல்லையும் அட்சரம் பிசகாமல் சரியே. அவர் நின்று தமுக்கு அடித்த இடமே ஏலம் போன சொத்து. நானே உடனிருந்தேன்' என்று எழுதி, கீழே கையெழுத்தைப் போட்டார். அந்தக் கையெழுத்து தாளில் பாதியைப் பிடித்துக்கொண்டது.

"போதுமா?"

போதும் என்று சவுரியப்பன் நினைக்கவில்லை. கட்சிக்காரியின் கழுத்தில் தானே கயிற்றைப் போட்டுவிட்டதாகத் தோன்றியது. நெற்றி வேர்வை கம்பளிக் கோட்டில் சொட்டிற்று. கேட்டுக்கு வெளியே ராமக்காள் இவர் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

மாயவன் மட்டும் சோற்றுத் தட்டோடு போர்ட்டிகோவின் நடுவில் நின்று, பம்பரம்போல் மெல்லச் சுற்றிக்கொண்டிருந்தான்.

"சார், அந்த எல்லைய இன்னொரு தடவ படிங்க."

"இப்போது எதற்கடா?"

"படிங்க சார்."

"கிழக்கே வண்டிப்பாதை."

மாயவன் கேட்டுப் பக்கம் கையை நீட்டினான். "இருக்குது. ராமக்காக்கூட அதுமேலதான் நிக்குது."

"மேற்கே அல்லிக் குட்டை."

"நடை வழியாப் பின்னால பாருங்க. மூணு அல்லி பூத்திருக்குது."

"வடக்கே கோயில் புளியந்தோப்பு."

"புளியம்பழமே தொங்குது."

"தெற்கே..." சவுரியப்பன் காகிதத்தை விட்டுத் தெற்கே திரும்பினார். "சாவடி."

"அதுல ஒருத்தன் படுத்துத் தூங்குறான். எழுப்பட்டுங்களா?"

ஊஞ்சல் நின்றது.

"டைரக்டர் சார்," என்று தட்டைக் கீழே வைத்தான் மாயவன். "அமீனா நல்ல மனுசன். பொய்யே எழுதல. நின்ன எடத்துலிருந்து நாலு பக்கமும் பாத்து அப்படியே எழுதியிருக்காரு. நின்னதுதான் உங்க போர்ட்டிகோ. போன மாசம் கோர்ட்டுல ஏலம் போனது ராமக்கா கொல்லை இல்லிங்க. உங்க பங்களா. ஊஞ்சலோட சேத்து இருநூத்திப் பத்து ரூவா."

"அதைத்தான் நானும் சொல்ல வந்தேன்!" என்றார் சவுரியப்பன், கோட்டுப் பொத்தானை மாட்டிக்கொண்டு. "அட்சரம் பிசகாமல் சரி என்று நீங்களே கையெழுத்தும் போட்டிருக்கிறீர்கள்!"

டைரக்டர் தாளைப் பிடுங்கப் பாய்ந்தார். அதற்குள் கதவுக்குப் பின்னாலிருந்து நீண்ட ஒரு கை அதை எடுத்துக்கொண்டுவிட்டது. தீர்த்தம்மாள் தாளை மடித்து இடுப்பில் செருகிக்கொண்டு வெளியே வந்தாள்.

"ஏம்ப்பா, ஏலம் எடுத்தது யாரு பேருல?"

"உங்க பேருலதாங்கம்மா" என்றான் மாயவன்.

"மாப்ளே, நான் பொறவு அந்தத் தெக்கு ரூமுக்கு மாறிக்கட்டுமா? அங்கதான் காத்து வருது. உன் படம் மாட்டியிருக்குதே, அதக் கழட்டிப் புளிப் பானை ரூமுல மாட்டிக்கலாம்."

"அத்தை! அது என் வூடு!" ராவ் சாகிப்புக்கு மனுப் போட்ட நாளிலிருந்து வாயில் வராத 'வூடு' அன்றைக்குத்தான் திரும்பி வந்தது.

"கோர்ட்டு அப்படிச் சொல்லலியே, கண்ணு."

டைரக்டருக்குச் சட்டம் தெரியும். ஊரார் நிலங்களை ஏலம் விட்டே கற்ற சட்டம். நாளைக்குப் பதினொரு மணிக்குள் ஏலத்தை ரத்துச் செய்யாவிட்டால், பிறகு சேலத்துக்கும் சென்னைக்கும் அப்பீல் போட்டுப் பத்து வருஷம் அலையவேண்டும். ரத்தாகவேண்டுமென்றால் மூன்று பேர் ஒப்பவேண்டும்: பாங்கி, ஏலம் எடுத்தவர், கடன்காரி.

அவர் கேட்டை நோக்கி நடந்தார். வழியில் ஒரு செருப்பு கழன்றது, நிற்கவில்லை.

"வாம்மா, ராமக்கா. உள்ளே வா. இப்படி முன்வாசலாலேயே வா."

ராமக்காள் வந்தாள். ஊஞ்சலில் உட்காரச் சொன்னார். காலையிலிருந்து நின்றவள் முதல் தடவையாக உட்கார்ந்தாள். மாயவன் நடந்ததை இரண்டு வரியில் சொன்னான்.

"அப்ப எங்கொல்லை எங்கொல்லைதானுங்களா?"

"ஆமாக்கா."

"பாங்கிக்கு ஏலத்துல இருநூத்திப் பத்து வந்துட்டுது. எங்கடனும் தீந்துபோச்சு?"

"அதுவும் தீர்ந்துதான் போச்சு" என்றான் மாயவன்.

"அப்பறம் நான் எதுக்குங்க ஒப்பணும்?"

டைரக்டர் கைகூப்பினார். அந்தக் கைகள் அதற்குமுன் கலெக்டர் துரைக்கு மட்டுமே கூப்பியவை.

"வாங்குனது நூத்தி இருவது" என்றாள் ராமக்காள். "அது நான் வாங்குனது. ஆடு வித்துத் தின்னாலும் குடுத்துருவேன். வருசம் ஒரு கடலைக்காய் வெள்ளாமைக்கு இருவத்தி நாலா அஞ்சு வெள்ளாமை. வட்டி ஒரு காசு கெடையாது. கோர்ட்டுச் செலவு உங்களோடது. தங்கப் பேனாவுல எழுதுங்க."

எழுதினார். பாதித் தாளைப் பிடிக்கிற கையெழுத்து இந்தத் தடவை ஒரு மூலையில் பல்லிக்குட்டிபோல் ஒண்டிக்கொண்டது. மாயவன் அதை இரண்டு தடவை வாசித்துக் காட்டிய பிறகே ராமக்காள் கட்டைவிரலை நீட்டினாள். தீர்த்தம்மாள் தெற்கு அறையில் பாய் விரித்தபிறகு ஒப்பமிட்டாள்.

மிச்சம் இருந்தது கோர்ட்டுக்கு எழுதவேண்டிய மனு. 'ரத்துச் செய்யக் கோரும் காரணம்' என்ற இடத்துக்கு வந்ததும் டைரக்டரின் பேனா நின்றது.

"உள்ளதையே எழுதுங்க சார்" என்றான் மாயவன். "அமீனா சொத்துக்குப் போகவில்லை. என் வீட்டில் சாப்பிட்டார். ஊருக்குத் தெரியாமல் என் போர்ட்டிகோவில் தமுக்கு அடித்தோம். மாமியார் பேரில் நானே எடுத்தேன்."

"இதைப் பார்த்தால் ராவ் சாகிப் பட்டம் கிடைக்குமா?"

"பலகையில ஒரு முழம் எடம் இருக்குதுங்களே. இத அங்க எழுதிக்கலாம்."

டைரக்டர் எழுதினார். ஒரு வரிக்கு ஒரு பெருமூச்சு வீதம், மனு ஒன்றரைப் பக்கம் வந்தது. தவணைப் பத்திரத்தை முந்தானையில் முடிந்துகொண்டு ராமக்காள் எழுந்தாள். கடலைக்காய்க்குத் தண்ணீர் கட்டவேண்டும், நேரமாகிவிட்டது. முன்வாசலாலேயே இறங்கி, வண்டிப்பாதை வரைக்கும் போனவள், என்ன நினைத்தாளோ, திரும்பி நின்றாள்.

"ஏனுங்க டைரக்டரே! நாளைக்குக் கோர்ட்டுல ஏதாச்சும் ஏறுமாறா ஆயிப்போச்சுன்னா வெசனப்படாதீங்க. எங்கொல்லையில காவக்குடிசை சும்மாத்தான் கெடக்குது. வாடகை வேண்டாம், காக்காய மட்டும் ஓட்டுனாப் போதும்!"